மாக்கோழியும் திரை ரத்தமும்

தமிழ்ப் படங்களில் வெட்டும் குத்தும் அளவுக்கு மீறிப் போய்விட்டன என்று ஒருவர் சொன்னால், அடுத்த நிமிஷமே இன்னொருவர், “எல்லாம் சாயம்தானே சார், இதில் யாருக்கு என்ன நஷ்டம்?” என்று வாயை அடைத்துவிடுகிறார். நம் லக்ஷ்மிபாய் நகர் பக்கத்தில் நாலு தமிழ்க் குடும்பம் ஓரிடத்தில் கூடினால் சில வருஷங்களாக இந்தப் பேச்சு வராமல் இருப்பதில்லை. 2023-இல் ரஜினிகாந்தின் ‘ஜெயிலர்’ வந்தது. தலை துண்டாகிற காட்சியுள்ள படத்துக்கு யு/ஏ சான்றிதழ் எப்படிக் கொடுத்தார்கள் என்று சென்னை உயர் நீதிமன்றம் வரை வழக்குப் போய்த் தள்ளுபடி ஆனது. 2025-இல் ‘கூலி’ வந்தபோது கதை தலைகீழ்: ஏ சான்றிதழ் கொடுத்தது தவறு என்று தயாரிப்பாளர்களே நீதிமன்றம் போனார்கள்; அதுவும் பலிக்கவில்லை. இரண்டு வழக்கிலும் பேச்சு சான்றிதழில் உள்ள எழுத்தைப் பற்றித்தான். ரத்தம் பார்க்கிறவன் மனசுக்குள் என்ன நடக்கிறது என்பது எந்த மனுவிலும் வரக்கூடிய சங்கதி அல்ல.

எனக்கு இந்த விவாதத்தை இன்னும் கொஞ்சம் பின்னால் கொண்டுபோய், 2000-ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளிவந்த கமல்ஹாசனின் ‘ஹே ராம்’ படத்திலிருந்து தொடங்க ஆசை. காரணம் உண்டு. காந்தி நினைவு நாளையொட்டி அந்தப் படத்தை நம் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டலாமா என்று இங்கே ஒரு யோசனை எழுந்தது. உடனே இரண்டு கட்சியாகிவிட்டார்கள். “காந்தியைப் பற்றிய படம், அவசியம் காட்டணும்” என்று ஒரு கட்சி. “அந்தக் கல்கத்தா காட்சியை வயசுக்கு வந்த பெண் குழந்தையைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு எப்படிப் பார்ப்பது?” என்று இன்னொரு கட்சி. இரண்டு தரப்பும் நியாயஸ்தர்கள்தான்.

நான் சினிமா விமர்சகன் இல்லை. ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் புளி, மிளகாய், அப்பளம், காபித்தூள் விற்கிற வியாபாரி. ஊர் வந்தவாசிப் பக்கம். நாங்கள் தமிழ்ச் சமணர்கள். எங்களை நயினார் என்பார்கள். தில்லியில் ‘ஜெயின்’ என்று சொன்னால் உடனே “மார்வாடியா?” என்று கேட்பார்கள், வீட்டில் பேசுவது தமிழ், கும்பிடுவது மேல்சித்தாமூரில் என்று விளக்குவதற்குள் வாடிக்கையாளர் பில்லைக் கொடுத்துவிட்டுப் போய்விடுவார். ஆகவே இந்தப் படத்தை எங்கள் வீட்டு நூல் ஒன்றை வைத்துத்தான் என்னால் பார்க்க முடிகிறது. அந்த நூல் யசோதர காவியம்.

ஐஞ்சிறு காப்பியங்களில் ஒன்று என்று பள்ளிக்கூடத்தில் பெயர் மட்டும் மனப்பாடம் செய்திருப்பீர்கள். முந்நூற்றுச் சொச்சம் பாட்டு. எழுதிய சமணப் புலவரின் பெயர் தெரியவில்லை. கதை இதுதான். அவந்தி நாட்டு உஞ்சயினி அரசன் யசோதரன். அவன் மனைவி அமிர்தமதி, இரவில் கேட்ட ஒரு பாட்டில் மயங்கி, அதைப் பாடிய யானைப்பாகன் மேல் ஆசை வைக்கிறாள். பாகனோ பார்க்கச் சகிக்காத உருவம். இதை அறிந்த அரசன் மனம் உடைந்து போகிறான். தாயிடம் விஷயத்தை நேராகச் சொல்ல வெட்கம்; கெட்ட கனவு கண்டேன் என்று பூசி மெழுகிச் சொல்கிறான். தாய் சந்திரமதி, “சண்டிகைக்குப் பலி கொடு, கனவின் தோஷம் போகும்” என்கிறாள். யசோதரன் நல்லவன், உயிரைக் கொல்ல மாட்டேன் என்று மறுக்கிறான். அப்போதுதான் தாய் ஒரு சமாதானம் கண்டுபிடிக்கிறாள். உயிர்க்கோழி வேண்டாம், மாவில் ஒரு கோழி செய்து வெட்டு. யாருக்கு என்ன நஷ்டம்?

கவனியுங்கள், நாம் மேலே கேட்ட அதே கேள்விதான். மாவுதானே, சாயம்தானே.

மாக்கோழி செய்தாயிற்று. தத்ரூபமாகச் செய்துவிட்டார்கள். அரசன் வாளை எடுத்து வெட்டினான். அது உயிருள்ளது போலவே அலறியதாகக் காவியம் சொல்கிறது. ஒரு துளி ரத்தம் சிந்தாத அந்தக் கொலைக்காகத் தாயும் மகனும் பிறவி பிறவியாக அலைகிறார்கள். அமிர்தமதி இருவருக்கும் விஷம் வைக்கிறாள். மகன் மயிலாகவும் தாய் நாயாகவும் பிறக்கிறார்கள். பிறகு வேறு வேறு மிருகங்களாகப் பிறந்து ஒன்றையொன்று கடிக்கவும் கொல்லவும் செய்கிறார்கள். கடைசியில் இரண்டு நிஜக் கோழிகளாகவே பிறந்து அம்பு பட்டுச் சாகிறார்கள். சின்ன வயசில் எங்க பாட்டி இந்தக் கதையைச் சொல்லும்போது, “மாவுக்கா இவ்வளவு தண்டனை?” என்று கேட்டிருக்கிறேன். “மாவுக்கு இல்லடா, ஓங்கின கைக்கு” என்றாள். அதற்கு மேல் விளக்கம் கிடையாது, போய்ப் படு என்றுவிட்டாள்.

சமண நூல்கள் கொலையை உடம்பைக் கொண்டு மட்டும் அளப்பதில்லை. உள்ளத்தில் எழும் மயக்கமும் சினமும்தான் கொலையின் விதை; உயிர் போவது அதன் பிறகு. தவிரவும், செய்தல், செய்வித்தல், உடன்படுதல் என்று மூன்று வாசல் வைத்திருக்கிறார்கள். கையால் வெட்டுகிறவன் முதல் வாசல். வெட்டச் சொல்கிறவன் இரண்டாவது. யாரோ வெட்டுவதைப் பார்த்து, மனசுக்குள் ‘சபாஷ்’ போடுகிறவன் மூன்றாவது. தியேட்டரில் கதாநாயகன் அரிவாளை ஓங்கும்போது விசில் அடிக்கிற நம் பையன் நிற்பது மூன்றாம் வாசலில். கொடுமையை நினைத்து மகிழ்வதற்கு ‘ஹிம்சானந்தம்’ என்றே பெயர் இருக்கிறது; அது ரௌத்திர தியானத்தில் ஒரு வகை. தீய கதைகளை விரும்பிக் கேட்பதற்குத் ‘துச்ருதி’ என்று பெயர்; பயனில்லாமல் தேடிக்கொள்ளும் பாவங்களில் அதையும் ஒன்றாகச் சேர்த்திருக்கிறார்கள். ஆயிரம் வருஷத்துக்கும் முன்னால் சினிமா ஏது, செல்போன் ஏது? ஆனாலும் பெயர் வைத்து வைத்திருக்கிறார்கள்.

‘அப்படியானால் நீங்கள் எல்லாப் படத்தையும் மூடச் சொல்கிற கட்சி’ என்று அவசரப்பட வேண்டாம். யசோதர காவியத்திலேயே இந்த மாக்கோழி வெட்டு இருக்கிறதே! விஷம், கள்ளக் காதல், மிருகங்கள் ஒன்றையொன்று கிழிப்பது எல்லாம் அதில் உண்டு. ஒரு தணிக்கை அதிகாரி கையில் கொடுத்தால் பாதிக் காவியம் மிஞ்சாது. ஆகவே காட்டுவது பாவம் என்று சொல்ல எங்கள் நூலே எனக்கு இடம் தரவில்லை. எப்படிக் காட்டுகிறார்கள், பார்க்கிறவனை எந்த வாசலில் நிறுத்துகிறார்கள், இதுதான் நான் கேட்கிற கேள்வி. இனிப் படத்துக்கு வருவோம்.

இளம் வாசகர்களுக்காகக் கதையைச் சுருக்கிச் சொல்கிறேன். சாகேத ராம் ஒரு தமிழ் ஐயங்கார், மொகஞ்சதாரோவில் அகழ்வாராய்ச்சி செய்கிறவன். 1946 ஆகஸ்டில் கல்கத்தாவில் கலவரம். அவன் மனைவி அபர்ணாவை வீடு புகுந்து சீரழித்துக் கொல்கிறார்கள்; வந்தவர்களில் ஒருவன் அவனுக்குத் துணி தைத்த தையல்காரன். ராம் துப்பாக்கியோடு தெருவில் இறங்கிப் பழி வாங்குகிறான். அங்கே அபயங்கர் என்பவன் கிடைக்கிறான். ராமின் வெறிக்கு ஒரு கொள்கைப் பெயர் சூட்டுகிறவன் அவன்தான். எல்லாவற்றுக்கும் காரணம் காந்தி, அவரைக் கொல்ல வேண்டும் என்ற எண்ணம் வேர் பிடிக்கிறது. மன்னார்குடியில் மைதிலியோடு மறு கல்யாணம், மராட்டியத்தில் சதி, பிறகு தில்லி. இங்கே பழைய நண்பன் அம்ஜத்தைச் சந்திக்கிறான், மனம் திரும்புகிறான். காந்தியிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடப் பிர்லா மாளிகைக்குப் போகிறான். அன்று தேதி 1948 ஜனவரி 30.

படம் வந்தபோது நாலா பக்கமும் கல்லடி. கல்கத்தாவில் காங்கிரஸ்காரர்கள், காந்தியை இழிவுபடுத்துகிறது என்று எதிர்ப்புத் தெரிவித்தார்கள். காந்தியின் மேல் பழியைச் சுமத்துகிற வசனங்களை அவ்வளவு உரக்கப் பேசவிட்டு, பதிலைக் கடைசியில் மெல்லச் சொல்கிறார் என்றார்கள் சிலர். ஒரு மதத்தார் செய்த கொடுமையை விலாவாரியாகக் காட்டி, மறு தரப்பின் கொடுமையை ஓடவிட்டுவிட்டார் என்றார்கள் வேறு சிலர். இதற்கெல்லாம் நடுவே அந்த ஆண்டு ஆஸ்கர் போட்டிக்கு இந்தியா அனுப்பிய படமும் அதுவே. அபயங்கராக நடித்த அதுல் குல்கர்னிக்குத் தேசிய விருதும் கிடைத்தது.

கல்கத்தாக் காட்சியைப் பற்றி என் கருத்து இரண்டு பட்டது. வீட்டுக்குள் ராம் போராடுவதை எங்கள் நூல்கள் ‘விரோதி ஹிம்சை’ என்னும். தாக்க வந்தவனைத் தடுப்பது, இல்லறத்தானுக்கு இதில் விலக்கு உண்டு. தெருவில் இறங்கித் தேடிப்போய்ச் சுடுவது ‘சங்கல்ப ஹிம்சை’. நினைத்துச் செய்வது, இல்லறத்தானுக்கும் அறவே கூடாதது. இரண்டுக்கும் நடுவே ஒரு வாசற்படிதான் இருக்கிறது. ஒரு மனுஷன் அந்த வாசற்படியைத் தாண்டுவதைக் காட்டுவதற்கு அந்தக் கொடூரம் முழுவதும் வேண்டியிருந்ததா? பாதி வேண்டியிருந்தது என்பேன். அபர்ணாவின் சாவை நாம் பார்க்காவிட்டால் ராமின் வெறி வெறும் வில்லத்தனம் ஆகிவிடும். ஆனால் கலவரம் வெளியே ஓடும் 1999-ஆம் ஆண்டை இயக்குநர் கறுப்பு வெள்ளையிலும், பழைய கதையை வண்ணத்திலும் எடுத்திருக்கிறார். ரத்தத்தின் சிவப்பு கண்ணை வாரி இழுக்கிறது. துக்கத்தின் மேல் நிற்க வேண்டிய பார்வை சிவப்பின் மேல் போய் நின்றுவிடுகிறது. அந்த இடத்தில் தியேட்டரில் என் பின் வரிசையில் ஒருவர், “போடு அவனை!” என்று கத்தினார். அவரைக் குற்றம் சொல்லவில்லை. படம் அவரை அங்கே கொண்டுபோய் நிறுத்தியது. திருப்பி அழைத்துவர இரண்டு மணி நேரத்துக்கு மேல் எடுத்துக்கொள்கிறது. இடைவேளையில் எழுந்து போனவரின் கதி என்ன?

ஒரே காட்சி பார்ப்பவரைப் பொறுத்து வேறாகும் என்பது எங்கள் ஜனங்களுக்குப் புத்தகத்தில் படித்துத் தெரிந்ததல்ல. ஆவுடையார்கோயிலில் சமணரைக் கழுவேற்றும் ஓவியம் உண்டு. மதுரைக் கதையில் எண்ணாயிரம் பேர் என்பார்கள். அப்படி ஒன்று நடந்ததா என்று வரலாற்றாசிரியர்கள் பலருக்குச் சந்தேகம். அந்தச் சண்டையை இங்கே இழுக்க விரும்பவில்லை. அந்த ஓவியத்தின் முன் நின்ற ஒரு சைவ நண்பர், “அடடா, கோடு என்ன அழகு!” என்று வியந்தார். கோடு அழகுதான். எனக்கு அன்று சாப்பாடு இறங்கவில்லை. அவர் பரம சாது, எறும்பைக்கூட மிதிக்க மாட்டார், இன்றும் என் நண்பர். ஆகவே கல்கத்தாக் காட்சியை நம் பிள்ளைகளோடு படிக்கிற ஒரு முஸ்லிம் பையன் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தால் அவனுக்கு எப்படி இருக்கும் என்று கேட்டவர்களை நான் ‘கலை தெரியாதவர்கள்’ என்று தள்ளமாட்டேன்.

படத்தில் எனக்கு உண்மையிலேயே ஒப்பாத பகுதி மராட்டியப் பகுதி. ராமின் கண்ணுக்கு மைதிலி துப்பாக்கியாக மாறித் தெரிகிற காட்சி ஒன்று உண்டு. காமமும் கொலைவெறியும் ஒரே உலையில் கொதிக்கின்றன என்று சொல்ல வருகிறார். கருத்து தப்பில்லை, அமிர்தமதி கதையும் அந்த அடுப்புத்தான். ஆனால் காட்டிய விதத்தில் துப்பாக்கி ஆபத்தான பொருளாக இல்லாமல் ஆசைப்படத்தக்க பொருளாகப் பளபளக்கிறது. ஹிம்சானந்தத்தைப் பற்றிச் சொல்ல வந்து, ஹிம்சானந்தத்தையே பரிமாறிவிட்டார். மாக்கோழியைத் தத்ரூபமாகச் செய்தவர்களின் சாமர்த்தியம் இது.

இங்கே ஒரு கொசுறு. படத்தில் மைதிலியின் தந்தை உப்பிலி ஐயங்காராக வருபவர் கிரீஷ் கர்னாட். இவரே இந்த யசோதரன் கதையைக் கன்னடத்தில் ஜன்னன் 1209-இல் எழுதிய ‘யசோதர சரிதெ’யை வைத்து ‘ஹிட்டின ஹுஞ்ஜ’ என்று நாடகமாக எழுதியவர். பெயருக்கு அர்த்தம் மாவுக் கோழி! படப்பிடிப்புத் தளத்தில் அவரும் கமலும் இதைப் பற்றி ஏதாவது பேசியிருப்பார்களா என்று யோசித்துப் பார்ப்பதுண்டு. கர்னாட் 2019-இல் காலமாகிவிட்டார்.

இனி தில்லிப் பகுதி. கலவரத்துக்குப் பயந்த முஸ்லிம் குடும்பங்கள் பழைய தில்லியில் ஒரு சோடாத் தொழிற்சாலைக்குள் ஒளிந்திருக்கிறார்கள், அம்ஜத்தும் அங்கே. ராம் தன் துப்பாக்கியைத் தேடிக்கொண்டு அங்கே போய்ச் சேருகிறான். அவன் வந்ததே அவர்களுக்கு வினையாகிறது. அம்ஜத் சாகக் கிடக்கும்போது போலீஸ் வந்து, இதையெல்லாம் தொடங்கி வைத்த அந்த மனுஷன் யார் என்று விசாரிக்கிறது. அப்படி ஒரு மிருகத்தை நான் பார்த்ததில்லை, என்னைக் காப்பாற்றிய சகோதரன் ராமைத்தான் எனக்குத் தெரியும் என்ற பொருளில் அம்ஜத் பொய் சொல்லிவிட்டு உயிர் விடுகிறான். ஷாருக் கான் நடித்த படங்களில் எனக்குப் பிடித்த இடம் இது ஒன்றுதான். மற்ற படங்களை நான் அதிகம் பார்த்ததில்லை என்பதும் உண்மை.

இந்த இடம் எனக்கு ஏன் இவ்வளவு பெரிதாகப் படுகிறது என்பதற்குச் சொந்தக் காரணம் இருக்கிறது. 1984 அக்டோபர் 31 சாயங்காலம். இந்திரா காந்தி அம்மையாரை எய்ம்ஸ் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்திருந்தார்கள். ஆஸ்பத்திரி வாசலில் கூடிய கூட்டத்திலிருந்து வெறி கிளம்பி எங்கள் ஐ.என்.ஏ. பக்கம் வந்தது. அப்போது எனக்கு இருபத்துநாலு வயசு, மாமா கடையில் பொட்டலம் மடிக்கிற வேலை. மாமா ஷட்டரைப் பாதி இறக்கி, பக்கத்துக் கடை சர்தார்ஜியை உள்ளே இழுத்து, புளி மூட்டைகளுக்குப் பின்னால் உட்கார வைத்தார். கொஞ்ச நேரத்தில் நாலைந்து பேர் வந்து, “உள்ளே யார்?” என்று கேட்டார்கள். வாழ்நாள் முழுக்கத் தராசில் ஒரு கிராம் ஏமாற்றாத மனுஷன், இரவுச் சாப்பாட்டைத் தொடாத விரதக்காரர், கண் இமைக்காமல், “புளி மூட்டை” என்றார். உயிருக்குக் கேடு தரும் உண்மையைச் சொல்லாதே என்பதும் எங்கள் சத்திய விரதத்தில் அடக்கம். மாமா அன்றைக்கு அதையெல்லாம் நினைத்திருக்க மாட்டார். வாய் தானாகச் சொல்லிற்று.

நான் அன்று ஒரு சொட்டு ரத்தம் பார்க்கவில்லை. பார்த்தது ஒரு டாக்சி எரிவதையும், அதைச் சுற்றி நின்றவர்களையும். ஆபீஸ் பையைத் தோளில் மாட்டிய ஆசாமிகள். எவரும் நெருப்பு வைக்கவில்லை. சிலர் சிரித்துக்கொண்டிருந்தார்கள், ஒருவர் கை தட்டினார். அரசுக் கணக்கில் அந்த நாட்களில் தில்லியில் மட்டும் செத்தவர்கள் 2,733 பேர். நெருப்பு வைத்தவர்களின் எண்ணிக்கையை எத்தனையோ கமிஷன்கள் தேடின. கை தட்டியவர்களை எந்தக் கமிஷனும் எண்ணவில்லை, எண்ணவும் முடியாது.

இதே 1984-ஐ வைத்து ஷோனாலி போஸ் ‘அமு’ என்று ஒரு படம் எடுத்தார், 2005-இல் வெளிவந்தது. வெட்டுக் குத்து அதில் மிகக் கொஞ்சம். அதற்கும் ஏ சான்றிதழ். தணிக்கையில் நீக்கச் சொன்னவை வசனங்கள். யார் பொறுப்பு என்பதைத் தொடுகிற வசனங்கள். அரிவாளைத் தூக்கிக்கொண்டு ஓடும் படம் குடும்பத்தோடு பார்க்கத்தக்கதாம். ஒரு விதவை வாயைத் திறந்து பேசினால் ஆபத்தாம். தணிக்கையின் தராசு என் கடையில் இருந்திருந்தால் எடை அளவைத் துறைக்காரர் எப்போதோ சீல் வைத்திருப்பார்.

ஆனால் நீதிமன்றம் ஒரு தடவை சரியாக எடை போட்டிருக்கிறது. பூலன் தேவியைப் பற்றிச் சேகர் கபூர் எடுத்த ‘பண்டிட் குயின்’ வழக்கு இதே தில்லியில் நடந்தது. உயர் நீதிமன்றம் சான்றிதழை ரத்து செய்தது. 1996 மே மாதம் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. ஒரு கொடுமையான காட்சி பார்ப்பவரிடம் காமத்தைக் கிளப்புகிறதா, கொடுமை செய்தவன் மேல் அருவருப்பைக் கிளப்புகிறதா என்பதைப் படம் முழுவதையும் வைத்துப் பார்க்க வேண்டும் என்ற போக்கில் தீர்ப்பு அமைந்தது. எங்கள் பாட்டி சொன்ன ‘ஓங்கின கை’யும் அதுதான். வெட்டப்பட்ட பொருள் என்ன என்பதோடு நிற்காமல், வெட்டும்போது மனசு எங்கே இருந்தது என்று கேட்பது. (அந்தப் பூலன் தேவியையே 2001-இல் அசோகா சாலையில் அவர் வீட்டு வாசலில் சுட்டுக் கொன்றார்கள் என்பது வேறு கதை.)

‘ஹே ராம்’ படத்தை நான் கடைசியில் ஏற்றுக்கொள்வதற்கு அதன் கட்டுமானம் காரணம். இதை அதிகம் பேர் பேசி நான் கேட்டதில்லை. யசோதர காவியத்தை நான் மேலே பாதியில்தான் விட்டிருக்கிறேன். அந்தத் தாயும் மகனும் கோழிப் பிறவிக்குப் பிறகு அபயருசி, அபயமதி என்று அண்ணன் தங்கையாக மனிதப் பிறவி எடுக்கிறார்கள். இளம் வயசிலேயே துறவுக் கோலம். மாரிதத்தன் என்ற அரசன் சண்டமாரி தேவதைக்கு நரபலி கொடுக்க இவர்கள் இருவரையும் பிடித்துக்கொண்டு வருகிறான். வாளோடு நிற்கும் அவன், இவர்கள் பயப்படாமல் இருப்பதைக் கண்டு காரணம் கேட்கிறான். அப்போதுதான் மாக்கோழிக் கதை முழுவதையும் சொல்கிறார்கள். ஆக, அந்தக் கொடூரக் கதை மொத்தமும், ஓங்கிய வாளின் முன்னால் சொல்லப்படுகிற கதை. கேட்டு முடித்த அரசன் பலியை விடுகிறான். கொலையைப் பற்றிய கதை ஒரு கொலையை நிறுத்துகிறது.

கமலின் படமும் அப்படித்தான் அமைந்திருக்கிறது. 1999 டிசம்பர் 6. எண்பத்தொன்பது வயசு சாகேத ராம் சாகக் கிடக்கிறார், வெளியே மதக் கலவரம். ஆஸ்பத்திரிக்குப் போக வழியில்லாமல் ஒதுங்கி நிற்கும் நேரத்தில், பேரன் டாக்டரிடம் தாத்தாவின் கதையைச் சொல்கிறான். டாக்டர் பெயர் முனாவர். அதாவது, தெருவில் கொலை நடக்கிற நேரத்தில், கொலையின் கதை சொல்லப்படுகிறது. காவியத்தில் கேட்கிறவன் கையில் வாள் இருந்தது. படத்தில் கேட்கிற டாக்டர் சாது, கையில் ஸ்டெதாஸ்கோப். வாள் வைத்திருப்பவர்கள் வெளியே தெருவில், கதை காதில் விழாத தூரத்தில். இது படத்தின் குறை என்று முன்பு நினைத்தேன் என்றால், பொய்; முதல் தடவை பார்த்தபோதே எனக்கு மாரிதத்தன் நினைவுதான் வந்தது. அந்த வாளை இயக்குநர் யார் கையில் கொடுத்திருக்கிறார் என்று பாருங்கள். கல்கத்தாக் காட்சியில் “போடு அவனை!” என்று கத்தினாரே பின் வரிசைக்காரர், அவர் கையில். அவரை மாரிதத்தனாக்கிவிட்டு, பிறகு உட்கார வைத்து மீதிக் கதையைச் சொல்கிறார்.

கேட்டாரா என்பது வேறு. பிர்லா மாளிகையில் ராம் சொல்ல வந்ததைச் சொல்லவே முடியவில்லை. காந்தியாக வரும் நஸிருத்தீன் ஷா, பிரார்த்தனைக்கு நேரமாகிவிட்ட அவசரத்தில் அவன் பேச்சைத் தள்ளி வைத்துவிட்டு நடக்கிறார். அதற்குள் வேறொருவன் சுட்டுவிடுகிறான். மன்னிப்பைக் கேட்கப் போனவனுக்கு, கேட்க ஆள் இல்லை. வாழ்நாள் மிச்சம் முழுவதும் அந்தச் சொல்லாத வார்த்தையோடு இருட்டறையில் இருக்கிறான். அவன் எடுத்து வைத்திருந்த காந்தியின் செருப்பும் மூக்குக்கண்ணாடியும் கடைசியில் துஷார் காந்தியின் கைக்குப் போகின்றன. நிஜமான கொள்ளுப்பேரனே வந்து நடித்திருக்கிறார். இந்தப் பகுதியில் ரத்தம் மிகக் குறைவு, கேமரா அடங்கி நடக்கிறது. துப்பாக்கி இங்கேயும் ராமிடம் இருக்கிறது; ஆனால் பளபளக்கவில்லை, கனக்கிறது. மராட்டியப் பகுதியில் செய்த பிழையை இயக்குநர் தானே அறிந்து எடுத்த மாதிரி இருக்கிறது.

அதே கமல், அதே ராஜ்கமல் நிறுவனம், 2022-இல் ‘விக்ரம்’ என்ற படம். துப்பாக்கிகளின் திருவிழா. நம் பகுதியில் அதற்கு எந்த ஆட்சேபமும் எழவில்லை. குடும்பம் குடும்பமாகப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார்கள், பாட்டு எல்லார் போனிலும் ஒலித்தது. அதில் சுடப்பட்டவர்களில் எத்தனை பேர் முகம் யாருக்காவது நினைவிருக்கிறது? ‘ஹே ராம்’ படத்தில் அபர்ணாவையும் அம்ஜத்தையும் கால் நூற்றாண்டு கழித்தும் மறக்க முடியவில்லை. ‘ஹே ராம்’ வேண்டாம், பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்கிற அன்பர்கள் ‘ஜெயிலர்’, ‘விக்ரம்’ பற்றியும் அதே கேள்வியைக் கேட்டிருந்தால் அவர்கள் கட்சியில் நானும் சேர்ந்திருப்பேன்.

திரையிடுவது பற்றி என்னிடம் கேட்டார்கள், சொல்லிவிட்டேன். பதினாறு வயசுக்குக் குறைந்தவர்களுக்கு வேண்டாம். காட்டினால் முழுசாகக் காட்டுங்கள். கல்கத்தாவை வெட்டிவிட்டு காந்தியை மட்டும் காட்டினால் பிள்ளைகளுக்கு ராம் எதற்காக அழுகிறான் என்றே புரியாது. இடைவேளையில் யாரையும் வீட்டுக்கு அனுப்பாதீர்கள், முக்கியமாக உணர்ச்சிவசப்படுகிற பையன்களை. முஸ்லிம் நண்பர்களையும் சர்தார்ஜி நண்பர்களையும் கட்டாயம் அழையுங்கள். அவர்கள் பக்கத்தில் இருந்தால் நம் பையன்களுக்கு விசில் வராது. படம் மூன்றரை மணி நேரம். ஜனவரியில் தில்லியில் ஆறு மணிக்கெல்லாம் இருட்டிவிடும், ஆகவே மதியம் ஒரு மணிக்கே தொடங்கினால், படம் முடிந்து அரை மணி பேசிவிட்டு, என்னைப் போன்றவர்கள் சூரியன் இருக்கும்போதே ஒரு வாய் உப்புமா சாப்பிட்டுவிட்டு வீடு திரும்பலாம். ரவையும் எண்ணெயும் என் பொறுப்பு.